விட்டுக்கொடுக்கும் சுற்று

இந்தப் பார்லித் தேநீர் நல்ல ஜில்லென்று இருக்கிறது, இன்ஸ்பெக்டர் சார். வெயிலுக்கு இதமாக இருக்கிறது.

நீங்கள் இந்தத் தீவுக்கு மாற்றலாகி வந்து மூன்று மாதம்தான். எங்கள் கோயில் சுமோ மல்யுத்தத்தில் ஒரே ஜோடி இரண்டு முறை மோதும். முதல் சுற்று நிஜம். இரண்டாவதில், ஜெயித்தவன் வேண்டுமென்றே தோற்றுக்கொடுப்பான். ஊருக்குள் பகை தங்கக் கூடாது என்று ஏற்பாடு.

ஊருக்கு நல்லதுதான். படத்துக்கு? இரண்டு வருஷமாக இந்தப் போட்டியைப் படமாக்குகிறேன். கடைசிக் காட்சியில் ஒருவன் பொய்யாக விழுந்தால் பார்க்கிறவன் சிரிப்பான்.

நேற்றுக் காலை ஒன்பது மணிக்கு இறுதிப் போட்டி. முதல் சுற்றில் தச்சன் இசாமு ஜெயித்தான். தோற்ற ஷிகெயோஷி, கணவாய் பிடிக்கிறவன், வியர்வையைத் துடைத்துக்கொண்டிருந்தான். கேமராவோடு அவனிடம் போனேன்.

“என்ன மாப்ளே, ரெடியா?”

“ரெடிக்கென்ன? இசாமு இப்போ செல்லமா விழுவான். நானும் மீசைல மண்ணு ஒட்டலைன்னு வீட்டுக்குப் போவேன்.”

“அவன் விழமாட்டானாம்டா. ரெண்டு தடவையும் உன்னை மண்ணைக் கவ்வ வைக்கிறேன்னான்.”

“இசாமுவா? சும்மா கதை விடாத.”

“என் காதால கேட்டேன்.”

துண்டை எறிந்துவிட்டு மேடையைப் பார்த்து நடந்தான்.

இசாமு அப்படி எதுவும் சொல்லவில்லை, சார். விழுவதற்காகவே உடம்பைத் தளர்த்திக்கொண்டு, சிரித்தபடி வந்தான். ஷிகெயோஷி அவன் இடுப்புக் கச்சையைப் பிடித்து முழு பலத்தோடு வீசினான். மேடை விளிம்பில் இசாமுவின் கழுத்து மோதியது. வைத்தியர் வருவதற்குள் முடிந்துவிட்டது.

பழைய பகையில் கொன்றுவிட்டான் என்கிறது ஊர். நீங்களும் ஷிகெயோஷியை உள்ளே உட்கார வைத்திருக்கிறீர்கள். ஆனால் நேற்றிலிருந்து உங்கள் கண் என் மேல்தான். என் பதிவில் நாலு நிமிஷம் குறைகிறது, இல்லையா? அந்தப் பேச்சு பதிவான கார்டு என் சட்டைப் பையில் இருக்கிறது. அழிக்க மனசு வரவில்லை. ஷிகெயோஷியின் முகம் மாறுகிற அந்த இடம் அவ்வளவு நன்றாக விழுந்திருக்கிறது.

கொல்லச் சொல்லவில்லை, சார். நிஜமாக மோத வைத்தேன். தளர்ந்த உடம்பை அப்படி எறிந்தால் என்ன ஆகும் என்றா கேட்கிறீர்கள்? பத்து வயதிலிருந்து அந்த மேடையில் ஆடியவன் நான். தெரியாமல் இருக்குமா.

கையெழுத்து எங்கே போட வேண்டும்? ஷிகெயோஷியை மட்டும் நாலு மணிக்குள் விட்டுவிடுங்கள். அவன் மனைவி துறைமுகத்தில் நிற்கிறாள். கேமராவை அங்கே ஓடவிட்டுத்தான் வந்தேன். அந்த நேரத்து வெளிச்சத்தில்தான் அவள் அழுகை சரியாகப் பதிவாகும்.