வெட்டிய நான்கு நிமிடம்

மேடையில் அமர்ந்திருக்கும் சங்கச் செயலாளர் சானு தெலி காகா அவர்களே, தோட்டத்து அலுவலகப் பெரியபாபு அவர்களே, குவாஹாட்டியிலிருந்து வந்திருக்கும் படக்குழுவினரே, இலை எடை போட்ட கையோடு கூடையுடன் வந்திருக்கும் தாய்மார்களே, எல்லோருக்கும் வணக்கம். நான் ஏழாம் லைன் குடியிருப்பு புத்னி குர்மி. எட்டாம் வகுப்போடு நின்றவள். பேச வராது, எழுதி வந்ததைப் படிக்கிறேன்.

மறைந்த ஆவணப்பட இயக்குநர் ஹிரண்ய பூயான் அவர்கள் இருபத்திரண்டு ஆண்டுகளில் பதினொரு படங்கள் எடுத்தார். நதி அரித்த ஊர்களை எடுத்தார். செங்கல் சூளைகளை எடுத்தார். எங்கள் தேயிலைத் தோட்டத்தை எடுத்தார். எடுத்ததை முதலில் யாருக்குக் காட்டினார்? விருது கொடுப்பவர்களுக்கா? இல்லை, படத்தில் இருந்த எங்களுக்கு. லைனில் போர்வை கட்டிப் போட்டுக் காட்டி, "உங்களக் காட்டலாமா?" என்று ஒவ்வொருவராகக் கேட்டார். வேண்டாம் என்றால் வெட்டினார்.

"மூக்கு கோணலா இருக்கு, வெட்டு" என்றார் என் பெரியப்பா.

"அது கேமராக் கோளாறு இல்ல காகா" என்று சொல்லிக்கொண்டே வெட்டினார்.

என் அம்மா ஒன்பது வருடம் செடிக்குப் பூச்சிமருந்து அடித்தாள். என் அம்மாவுக்கு இப்போது கண் தெரியாது. இந்த இரண்டையும் அவர் படத்தில் நான் சேர்த்துச் சொன்னேன். இங்கே சேர்க்கவில்லை என்பதைப் பெரியபாபு கவனிக்க வேண்டும்.

தோட்டத்தில் வேலை இருந்தால்தான் லைனில் வீடு. வேலைப் பதிவேட்டில் அம்மாவின் பெயரை அடித்தபோது, வீட்டுக்காக என் பெயரை எழுதினோம். அதனால் போர்வையில் என் முகத்தைப் பார்த்ததும், "தாதா, என்னை வெட்டிடுங்க" என்றேன் அந்த அண்ணனிடம். ஏன் என்று கேட்டாரா? கேட்கவில்லை. "சரி, மைனா" என்றார், தங்கையைக் கூப்பிடுவதுபோல.

படத்தொகுப்பு செய்யும் அக்கா, மாமனி பைதேவுக்குத்தான் தாங்கவில்லை. "நாலு நிமிஷம் தாதா! அது இல்லாம படம் எங்க இருக்கு?"

"படம் நம்மளது. வீடு அவளோடது."

அந்த நான்கு நிமிடமும் திரையில் எழுத்து மட்டும் நிற்கும்: இங்கே ஒருவர் பேசினார். அவருக்கு வீடு வேண்டும்.

நேற்று பைதேவ் கேட்டார், "இப்பவாவது சேர்க்கட்டுமா?" இல்லை என்றேன். தாதா இறந்துவிட்டதால் எனக்கு வேறு வீடு வந்துவிட்டதா? உங்கள் முன்னாலும் இல்லை என்றுதான் சொல்கிறேன். வெட்கமாக இருக்கிறது.

ஆனால் ஒன்று செய்வேன். வரும் ஞாயிறு எங்கள் வாசலில் போர்வை கட்டி, வெட்டியது வெட்டியபடியே அந்தப் படத்தைப் போடுவேன். அடுத்த ஞாயிறு ஆறாம் லைன். இப்படியே எல்லா லைனிலும். அந்த நான்கு நிமிடம் வரும்போது, பேச வேண்டியவர்கள் எழுந்து பேசலாம். அங்கே கேமரா இருக்காது.

முதலில் யார் பேசுவார்கள் என்று கவலைப்பட்டேன். அம்மா திட்டினாள்.

"நான் பேசறேன்டி. என் பேரத்தான் ஏற்கெனவே அடிச்சுட்டாங்களே, இன்னும் எத அடிப்பாங்க?"