கோப்பில் உள்ள அக்கா

"எனவா! துவன்ன!"

சிங்களத்தில், வருகிறார்கள், ஓடுங்கள் என்று. சோமபாலவின் குரல். புகையிரத நிலையத்துப் போர்ட்டர். அரசாங்க ஊழியர் குவாட்டஸ் வீட்டு வரிசையில் நான்காம் இலக்கம் அவருடையது. மூன்றாம் இலக்கம் என்னுடையது. 1977 ஓகஸ்ட், தமிழருக்கு எதிரான கலவர நாட்கள். வியாழக்கிழமை. பிற்பகல் நான்கு பத்து. மணிக்கூட்டைப் பார்த்தேன். ஏன் பார்த்தேன் என்று தெரியாது.

நான் ஓடவில்லை. வீட்டுக்குள் இருக்கிறேன். முன்கதவில் வெளிப்பக்கமாகப் பூட்டுத் தொங்குகிறது. ஆள் இல்லாத வீடு போல் தெரியட்டும் என்று காலையில் சோமபாலவைக் கொண்டு போடுவித்தது. பின்கதவு உள்ளே தாழிட்டிருக்கிறது. குசினியில், அடுப்புத் திட்டின் கீழே, முழங்காலைக் கட்டிக்கொண்டு குந்தியிருக்கிறேன்.

முதலில் விசில். பிறகு தகரத்தில் தடியை இழுக்கிற சத்தம். ஒரு கண்ணாடி உடைகிறது. அது முதலாம் இலக்கம். பிறகு பெற்றோல் பற்றுகிறது. பெரிய துணியை ஒரே இழுப்பில் கிழிப்பது போலக் கேட்கும்.

பிறகு என் பின்கதவு.

மூன்று தட்டு. தடி இல்லை. கை.

"தம்பி. நாதன் தம்பி. நான் புஷ்பம். கதவைத் திறவுங்கோ."

இரண்டாம் இலக்கத்துப் புஷ்பமலர். தபால் கந்தோர் அருளம்பலத்தின் மனைவி. வயது இருபத்தேழு. எனக்கு இருபத்துநான்கு. நீர்ப்பாசனத் திணைக்களத்தில் எழுதுவினைஞர். தனியாள். எனக்குக் காய்ச்சல் வந்த கிழமை பின்மதிலுக்கு மேலால் கஞ்சி எட்டித் தந்தவர் அவர். புஷ்பமக்கா என்று கூப்பிடுவேன். கணவர் அன்று வேலையாகக் கொழும்பில். அக்காவோடு நான்கு வயது மகள் சாந்தினி. நான் உள்ளே இருப்பது அக்காவுக்குத் தெரியும். பூட்டுப் போடும்போது பார்த்துக்கொண்டு நின்றவர்.

"பிள்ளையை மட்டும் எண்டாலும் உள்ள எடுங்கோ, தம்பி."

எழுந்து மூன்று எட்டு வைத்தால் தாழ்ப்பாள். நான் எழவில்லை. மூச்சையும் அடக்கினேன். உள்ளே ஒருவரும் இல்லை, எப்படியோ போய்விட்டான் என்று அவர் நினைக்கட்டும் என்று நினைத்தேன். இதை ஒரு தாளில் எழுத எனக்கு இத்தனை வருடம் எடுத்திருக்கிறது.

இன்னொரு முறை தட்டவில்லை. ஓடுகிற காலடி. செருப்பில்லாத கால். வாய்க்கால் பக்கம். ஐந்து நிமிடம் இருக்கும். சோமபாலவின் குரல் மறுபடி. "ளமயா! ளமயா!" குழந்தை, குழந்தை. பிறகு அவர் வீட்டுக் கதவு அடித்துச் சாத்தப்பட்டது.

பிள்ளையைச் சோமபால காப்பாற்றினார். தாயிடம் போய்ச் சேர அவரால் முடியவில்லை.

மறுநாள் காலை பொலிஸ் லொறி வந்தது. வெளியே வந்தேன். வாய்க்கால் கரையில் அக்கா கிடந்தார். யாரோ ஒரு சாக்கால் மூடியிருந்தார்கள். பாதங்கள் மட்டும் தெரிந்தன. லொறியில் சாந்தினியைச் சோமபாலவின் மனைவி என் மடியில் இருத்தினார். வவுனியா வரை நான்கு மணித்தியாலம். பிள்ளை அழவில்லை. என் முகத்தைப் பார்க்கவும் இல்லை. வவுனியா முகாமில் ஒரு கன்னியாஸ்திரியிடம் கொடுத்தேன். தகப்பன் பெயரைச் சொன்னேன். அவர் வருமட்டும் நிற்கவில்லை. அன்று பின்னேரமே யாழ்ப்பாணம் போனேன்.

அடுத்த ஆண்டு, பங்குனி. பேர்லின்.

அங்கு போகும் வழியைப் பலர் அப்போதே அறிந்திருந்தார்கள். ரஷ்ய விமானத்தில் கிழக்குப் பேர்லின். விமான நிலையத்தில் கடந்து போவதற்கான விசா. பிறகு நகர ரயில். ரயில் நிலையத்தில் கிழக்கின் காவலர் கடவுச்சீட்டில் முத்திரை குத்துவார். சுரங்கப் படியால் ஏறி அடுத்த ரயில் எடுத்தால் மேற்கு. மேற்குப் பக்கத்தில் ஒருவரும் நிற்கவில்லை. அங்கே எல்லை இருப்பதாக மேற்கு ஒத்துக்கொள்ளவில்லை. ஒத்துக்கொள்ளாத எல்லையில் காவல் போட ஏலாது. அந்த ஓட்டைக்குள்ளால்தான் வந்தோம்.

மேற்குப் பேர்லின் மேற்கு ஜேர்மனியோடு சேர்ந்தும் சேராமலும் இருந்தது. சுற்றிவர மதில். மூன்று நாட்டுப் படைகளின் மேற்பார்வை. உள்ளே தன் ஆட்சியைத் தானே நடத்தும் நகரம். எங்கள் கடவுச்சீட்டில் இரண்டு வரி குத்தினார்கள். 'மேற்குப் பேர்லினுக்கு மட்டும்.' 'வேலை செய்ய அனுமதி இல்லை.' ஹனோவரில் என் பெரியம்மாவின் மகன் படித்துக்கொண்டிருந்தான். ரயிலில் சில மணித்தியாலம். போக முடியாது. நடுவில் கிழக்கு ஜேர்மனி.

முதலில் வதிவிடப் பதிவு. அதை அன்மெல்டுங் என்பார்கள். அது இருந்தால்தான் தங்கும் அனுமதிக்கு மனு. தங்கும் அனுமதி இருந்தால்தான் வேலை அனுமதி. அதுவும் ஒரே ஒரு வேலையிடத்துக்கு. எல்லாவற்றுக்கும் அடியில் ஒரு கேள்வி. ஏன் வந்தாய்?

விடுதியில் எனக்கு முன் வந்த ஒருவர் என்னை உட்காரவைத்துக் கேட்டார்.

"வீடு எரிஞ்சதோ?"

"இல்லை."

"காயம்?"

"இல்லை."

"வீட்டு ஆக்கள் ஆரும்?"

"இல்லை, அண்ணை."

"அப்ப என்னத்தைச் சொல்லப் போறீர்? உமக்கு ஒண்டும் நடக்கேல்ல எண்டு எழுதித் திருப்பி அனுப்புவாங்கள்."

சித்திரையில் விசாரணை. வெளிநாட்டவர் அலுவலகத்தில் இரண்டாம் மாடி. காலை ஒன்பது. தட்டச்சு இயந்திரம். மேசைக்குப் பின்னால் முடி நரைத்த அதிகாரி. அமைதியானவர். மொழிபெயர்ப்புக்கு ரங்கராஜன் என்று ஒரு திருச்சிக்காரர். அங்குள்ள பல்கலைக்கழகத்தில் ஆராய்ச்சி மாணவர்.

நடந்ததைச் சொன்னேன். விசில், தகரம், கண்ணாடி, பெற்றோல். எல்லாம் உண்மை. பின்கதவு வரை வந்தேன். கதவை விட்டுவிட்டேன். "வாய்க்கால் கரையில புஷ்பமக்காவை அடிச்சுச் சாகடிச்சுப் போட்டாங்கள்" என்றேன். அழுதேன். அந்த அழுகையும் உண்மை.

தட்டச்சு நின்றது. அதிகாரி ஏதோ கேட்டார். ரங்கராஜன் என் பக்கம் திரும்பினார்.

"அக்கான்னா, கூடப் பிறந்த அக்காவா? இல்ல, சும்மா மரியாதைக்குச் சொல்றதா? இங்க க்ளியரா எழுதணும் சார்."

சுவர் மணிக்கூட்டில் பத்து இருபது. அதையும் பார்த்தேன்.

"ஓம்," என்றேன். "கூடப் பிறந்தவ."

"மேரேஜ் ஆனவங்களான்னு கேக்குறார்."

ஆனவர் என்றால் கணவர் யார், எங்கே என்று கேட்பார்கள். "இல்லை," என்றேன். "என்னோடதான் இருந்தவ."

தட்டச்சு மறுபடி தொடங்கியது. அந்தச் சத்தம் இன்றைக்கும் என் காதில் இருக்கிறது. வரி முடிவில் ஒரு சின்ன மணி.

தங்கும் அனுமதி கிடைத்தது. ஆவணிக்குள் வேலை அனுமதி. ஓர் ஆஸ்பத்திரிச் சமையலறையில் தட்டுக் கழுவும் வேலை. நகர ரயிலில் போய் வந்தேன். வாடகை கட்டினேன். யாழ்ப்பாணத்துக்குக் கடிதம் போட்டேன். சந்தோஷமாக இருந்தேன் என்பதையும் எழுதத்தான் வேண்டும்.

1979 ஆனி. வேலை முடிந்து விடுதிக்கு வருகிறேன். வாசலில் சூட்கேசோடு ஒருவர். மெலிந்துபோய். அருளம்பலம்.

"நாதன் தானே?"

"ஓம், அருளண்ணை."

என் கையைப் பிடித்துக்கொண்டார். என் அறையில் ஒரு கட்டில் காலி. அவரை அங்கேயே போட்டார்கள்.

பேர்லினில் அவருக்கு ஒரே நோக்கம். சாந்தினியைக் கூப்பிட வேண்டும். பிள்ளை நல்லூரில் அவருடைய தமக்கையோடு. கூப்பிடத் தங்கும் அனுமதி வேண்டும். வேலை வேண்டும். பிள்ளைக்கும் இடம் உள்ள வீடு வேண்டும். ஒரு கொப்பியில் இந்த மூன்றையும் எழுதி, ஒவ்வொன்றின் கீழும் தேவையான தாள்களைக் குறித்து வைத்திருந்தார். கலியாணப் பதிவுத் தாள் குவாட்டசோடு எரிந்துவிட்டது. மனைவியின் மரணத்தைக் குவாட்டஸ் இருந்த ஊரில் பதியவே இல்லை.

இரண்டாம் நாள் என்னிடம் கேட்டார்.

"அண்டைக்கு நீர் எங்க நிண்டனீர்?"

"கந்தோரில, அண்ணை. வர ஏலாமப் போச்சு."

"ம்," என்றார். கொப்பியைத் திறந்தார்.

ஆடியில் அவருடைய முதல் விசாரணை. அதற்கு முன் எனக்குப் பதினேழு நாள் இருந்தது. ஒவ்வொரு நாளும் ஒரே அறை. தேநீருக்கு ஒரே கேத்தில். பதினேழு நாளில் ஏதாவது ஒரு நேரம் சொல்லியிருக்கலாம். அண்ணை, இப்படி ஒரு பிழை விட்டிட்டன், என்ன செய்வம் என்று கேட்டிருக்கலாம். சொன்னால் கதவையும் சொல்ல வேண்டும். சொல்லவில்லை.

அவர் உண்மையைச் சொன்னார். மனைவி பெயர், ஊர், வீட்டு இலக்கம், நாள். மனைவிக்குச் சகோதரம் இல்லை, தனிப்பிள்ளை. அதிகாரி எழுந்து போய் இன்னொரு கோப்பை எடுத்து வந்தாராம். அதே பெயர். அதே நாள். அதே வாய்க்கால். அந்தக் கோப்பில் அவள் கலியாணம் ஆகாதவள். ஒரு தம்பி உண்டு. தம்பி யார் என்று இவருக்குச் சொல்லவில்லை. சாட்சி இருந்தால் கூட்டி வா என்றார்கள்.

அருளண்ணை நேரே என்னிடம்தான் வந்தார்.

"ஆரோ அவளின்ர பேரைப் பாவிச்சிருக்கிறான். நீர் வந்து, பக்கத்து வீடு, இவர் புருஷன், எனக்குத் தெரியும் எண்டு ஒரு சொல் சொன்னாப் போதும். வருவீரோ?"

"வாறன், அண்ணை."

புதன்கிழமை. காலை பத்து. நடைபாதை வாங்கில் அருளண்ணை உட்கார்ந்திருந்தார். புது ஷேர்ட். முழங்காலில் அந்தக் கொப்பி. என்னை மட்டும் உள்ளே கூப்பிட்டார்கள். அதே நரைத்த அதிகாரி. அதே ரங்கராஜன். மேசையில் இரண்டு கோப்பு, பக்கத்தில் பக்கத்தில். என் கடவுச்சீட்டை வாங்கி மூன்றாவதாக வைத்தார்.

"போன வருஷம் நீங்க குடுத்த ஸ்டேட்மெண்ட்ல ஏதாவது மாத்தணுமான்னு கேக்குறார்," என்றார் ரங்கராஜன். குரலைத் தாழ்த்தினார். "அது பொய்யின்னா பெர்மிட் கேன்சல் ஆகும், அதையும் சொல்லச் சொல்றார். நல்லா யோசிச்சுச் சொல்லுங்க சார்."

கடவுச்சீட்டைப் பார்த்தேன். மேசையில் அது சின்னதாகத் தெரிந்தது.

"மாத்த ஒண்டும் இல்லை."

ரங்கராஜன் உடனே மொழிபெயர்க்கவில்லை. என்னையே பார்த்தார். அருளண்ணையின் விசாரணையிலும் அவர்தான் இருந்தவர். நான் தலையைக் குனிந்தேன். பிறகு சொன்னார். தட்டச்சு. மணி.

வெளியே வந்தேன். அருளண்ணை எழுந்தார்.

"சொன்னீரோ?"

"ஓம், அண்ணை."

என் தோளைத் தட்டினார்.

மூன்று கிழமையில் கடிதம் வந்தது. ஞாயிறு காலை அதைக் கட்டிலில் விரித்து வைத்துக்கொண்டிருந்தார். ஜேர்மன் அகராதி பக்கத்தில். சொல் சொல்லாகப் பார்த்து வாசித்து முடித்திருந்தார். மனு நிராகரிப்பு. காரணம், இறந்தவரின் சகோதரனுடைய வாக்குமூலத்தோடு முரண்படுகிறது. என் பெயர் முழுதாக இருந்தது.

அவர் குரல் உயரவில்லை.

"நீர் உள்ள நிண்டது எனக்கு முன்னமே தெரியும்," என்றார்.

கேத்திலைக் கீழே வைத்தேன்.

"பிள்ளை சொன்னவள். அம்மா தட்டினவ, நாதன் மாமா திறக்கேல்ல எண்டு. நான் நினைச்சன், பொடியன், பயந்திருப்பான். ஆர்தான் பயப்பிடேல்ல? அதை விட்டிட்டன். விட்டதாலதான் உம்மட அறையில வந்து படுத்தனான்."

கடிதத்தை மடித்தார்.

"அண்டைக்கு அவங்கள் பெற்றோலோட வந்தவங்கள். புதன்கிழமை உமக்கு முன்னால என்ன இருந்தது, நாதன்? ஒரு மேசை."

அகராதியை என் கட்டிலில் வைத்தார். அது என்னுடையது.

மேன்முறையீடு செய்ய ஒரு மாதம் இருந்தது. அவர் செய்யவில்லை. கெடு முடிவதற்கு முன்பே ஒரு நாள் காலை, நான் சமையலறையில் இருந்த நேரம், சூட்கேசோடு போய்விட்டார். வந்த வழியாலேயே. அந்தச் சுரங்கப் படி, கிழக்கு, விமானம். பக்கத்து அறைக்காரர் ரயில் வரை போய் வந்தார். ஏதாவது சொன்னாரோ என்று கேட்டேன். ஒன்றும் சொல்லவில்லை என்றார்.

என் வேலை அனுமதியை அந்தக் கார்த்திகையில் நீட்டினார்கள். பிறகும் நீட்டினார்கள். ஒருமுறையும் அந்தக் கோப்பைத் திருத்தும்படி நான் கேட்கவில்லை. இந்தத் தாள்தான் முதல் முறை.

இழப்பைப் பதிகிறேன். என் கண்ணால் பார்த்ததும் எனக்குத் திடமாகத் தெரிந்ததும் மட்டும்.

எங்கள் வரிசையில் வீடுகள் ஏழு. எரிந்தவை நான்கு. ஒன்று, இரண்டு, ஐந்து, ஏழு. மூன்றாம் இலக்கம் எரியவில்லை.

இறந்தவர் மூவர். முதலாம் இலக்கத்து ஆசிரியர் வேலுப்பிள்ளை. ஏழாம் இலக்கத்துப் பொன்னுத்துரை, நில அளவையாளர். இரண்டாம் இலக்கத்துப் புஷ்பமலர். அருளம்பலத்தின் மனைவி. சாந்தினியின் தாய். தனிப்பிள்ளை.

தாயை இழந்த பிள்ளை ஒன்று. அதே பிள்ளை பேர்லினையும் இழந்தது. அங்கே படித்திருக்கக்கூடிய பள்ளிக்கூடம், தகப்பனுக்குக் கிடைத்திருக்கக்கூடிய வேலை, தாய், தகப்பன், பிள்ளை மூவரின் பெயரும் இருந்திருக்க வேண்டிய கோப்பு. எல்லாம் அந்த ஒரு புதன்கிழமையில்.

நான் இழந்தது: அங்கே விட்டுவந்த ஒரு சைக்கிள், ஒரு ரேடியோ, இரண்டு மாதச் சம்பளம்.

இறந்த உறவினர்: எவரும் இல்லை.