தொரைக்கும் சேர்த்து

ஜப்பான்காரன் எங்கள் ஊரைப் பிடித்து ஆண்ட காலம், போரின் கடைசி மாதங்கள். சூலியா தெருவில் அரிசிக்கு நின்ற வரிசையில், எனக்கு முன்னால் ஒரு பெரியவரும் ஓர் இளைஞனும். காவலுக்கு நின்ற சிப்பாய்க்குக் குனியாததால் வாங்கிய அறை, பெரியவர் கன்னத்தில் இன்னும் சிவந்திருந்தது.

"கள்ள ரேடியோல கேட்டேண்ணே. பல நாட்டுத் தூதருங்க ஒரே மேசையில உக்காந்து எழுதுறாங்களாம், மனுசனாப் பொறந்த எல்லாருக்கும் ஒரே உரிமைன்னு."

"மெதுவா பேசுலா தம்பி. ஜப்பான்காரன அடக்கத்தானே அது?"

"ஜெயிக்கிறவனும் கையெழுத்துப் போடணுமாம்."

"அப்ப, சைக்கிள விட்டு எறங்கலன்னு என்னை அறைஞ்ச தோட்டத்து வெள்ளக்காரத் தொரை?"

"அவனுக்கும் சேத்துத்தான்."

வரிசை நகர்ந்தது. சிப்பாய் முன் இருவரும் இடுப்பு வரை குனிந்தார்கள்.

நிமிர்ந்ததும் பெரியவர் கண் விரியக் கேட்டார்: "தொரை எதிர்ல வந்தாலும், நான் சைக்கிள்லயே போலாமா?"