நிலம் பார்க்க வந்த நாள்

— இப்படித் தலையைச் சொறிஞ்சுகிட்டு நின்னா நீதிபதி நம்புவாரா? நிமிந்து நில்லுங்க. நான்தான் உங்க தங்கச்சியோட வக்கீல்னு நினைச்சுக்குங்க. மறுபடியும் கேக்குறேன்.

— நல்ல வக்கீல். கையில இஸ்திரிப் பெட்டியோட.

— நாளைக்குக் கோர்ட்டுக்குச் சட்டை வேண்டாமா? சொல்லுங்க. மத்தியஸ்தர் தீர்ப்பு என்ன?

— கிணத்தோட சேத்து கிழக்குப் பக்க நிலம் தங்கச்சிக்கு. அவ நாத்துப் பண்ணையை அழிச்சதுக்கு நான் நஷ்டஈடு வேற குடுக்கணும்.

— நீங்களும் ஒத்துக்கிட்டு வச்ச மத்தியஸ்தர்தானே?

— ஆமா. ரிட்டயர்டு சர்வேயர், நேர்மையான ஆளுன்னு நம்பினேன்.

— பண்ணையை அழிச்சீங்களா?

— அதை ஏன் கேக்குற? நம்ம வக்கீல் படிச்சுப் படிச்சுச் சொல்லியிருக்காரு. யார் பக்கம் நியாயம்னு கோர்ட்டு திரும்ப விசாரிக்காது. மத்தியஸ்தர் முறைப்படி நடந்தாரான்னு மட்டும்தான் பாக்கும். நான் சொல்ல வேண்டியது ஒண்ணே ஒண்ணு.

— என்ன?

— நிலத்தைப் பாக்க வர்ற தேதியை அவரு எனக்குச் சொல்லல. அவளை மட்டும் வச்சுகிட்டுப் பாத்துட்டுப் போயிட்டாரு. அது போதும், தீர்ப்பு செல்லாது.

— நோட்டீஸ் அனுப்பினேன்னு சொல்றாரே.

— கையெழுத்துப் போட்டு வாங்கின சீட்டு எங்க? அவர் ஆபீஸ்லயே தொலைச்சுட்டாங்க. வீட்டு ஆளுங்க யார் வாங்கியிருந்தாலும் நான் வாங்கின மாதிரிதானாம். யாருமே வாங்கலையே.

— மத்தியஸ்தர் வர்றது தெரிஞ்சிருந்தா என்ன பண்ணியிருப்பீங்க?

— போயிருப்பேன்.

— எப்ப?

— இதெல்லாமா கேப்பாங்க?

— கேப்பாங்க. அந்த வாரம் மண்ணு தள்ளுற மெஷின்காரர்கிட்ட என்ன சொல்லி வச்சிருந்தீங்க?

— உனக்கு யார் சொன்னது?

— நீங்க போன்ல பேசும்போது நான் பக்கத்துலதான் துணி மடிச்சுகிட்டிருந்தேன். ‘அவரு எப்ப வர்றாருன்னு தெரியட்டும், முந்தின நாளே மிச்சத்தையும் வழிச்சுடு, வெறும் பொட்டலா இருக்கணும்’னீங்க.

— கோவத்துல சொன்னது.

— முதல் தடவை பாதிப் பண்ணையை அழிச்சதும் கோவத்துலதான். அவ ஆஸ்பத்திரியில கிடந்தப்ப. எட்டு வருஷம் அவ தண்ணி ஊத்தி வளத்தது. வந்து பாத்தவ அழக்கூட இல்லைங்க. ‘மண்வெட்டி இருந்தா குடுங்க அண்ணி’ன்னா. எனக்குத்தான் நெஞ்சு ஆறல.

— அப்பா ஒரு வார்த்தை எழுதி வைக்காமப் போயிட்டாரு. அவரோட கடைசிக் காலத்துல நான் பட்ட பாடு உனக்குத் தெரியாதா?

— தெரியும். உங்க மேல எனக்கு இல்லாத பாசமா? ஆனா நமக்கு மேற்குப் பக்கம் இருக்கு. அவளுக்கு அதை விட்டாப் போக்கிடம் இல்ல.

— ஏய், வேஷம்தான் அவ வக்கீல். நிஜமாவே வக்காலத்து வாங்காத. அடுத்த கேள்வியைக் கேளு.

— பகல்ல உங்க வீட்டுக்குத் தபால் வந்தா யாரு வாங்குவா?

— நீதான்.

— அவகிட்ட விசாரிச்சீங்களா?

— விசாரிச்சேனே. எதுவும் வரலைன்னு நீதானே சொன்ன.

— நான்தான் சொன்னேன்.

— அப்புறம் என்ன? முகம் ஏன் இப்படி ஆயிடுச்சு?

— ஒண்ணுமில்ல. சட்டை ஆயிடுச்சு, புடிங்க.

— ஆனா ஒண்ணு, நிஜ வக்கீல்கூட இவ்வளவு குடைய மாட்டாரு. எங்க கத்துக்கிட்ட இதெல்லாம்?

— நேத்து அவ வக்கீல் என்னை உக்கார வச்சுக் கேட்டதுங்க. அந்த நோட்டீஸைக் கையெழுத்துப் போட்டு வாங்கி, நீங்க பாக்குறதுக்குள்ள கிழிச்சு அடுப்புல போட்டவ நான். நாளைக்கு உங்களுக்கு முன்னாடி கூண்டுல ஏறப் போறதும் நான்தான்.