நகராட்சி உள்ளே வரக்கூடாது

— மழையில நின்னுக்கிட்டு என்ன யோசனை? உள்ள வாங்களேன்!

— வரக்கூடாதும்மா. கோர்ட்டு உத்தரவை இன்னொரு தடவை படி.

— காலையிலேருந்து அதைத்தான் படிச்சுக்கிட்டிருக்கேன். "வழக்கு முடியும்வரை நகராட்சியோ, அதன் அலுவலர்களோ, ஊழியர்களோ மேற்படி சலவைக் கடைக்குள் நுழையவோ, கடையைப் பூட்டி முத்திரை வைக்கவோ இடைக்காலத் தடை விதிக்கப்படுகிறது." போதுமா?

— அதாவது, நான் யாரு?

— என் புருஷன்.

— அதாவது, எங்க வேலை பாக்குறேன்?

— நகராட்சியில, உரிமப் பிரிவுல... அய்யய்யோ!

— இப்பப் புரியுதா?

— அது கடைக்குத்தானேங்க? நீங்க நேரா வீட்டுக்குப் போங்க.

— வீடு கடைக்குப் பின்னாடி இருக்கு. கடைக்குள்ள நடக்காம எப்படிப் போறது, பறந்தா?

— பின்வாசல்...

— அதை அடைச்சு நீராவி பாய்லரை வச்சது யாரு?

— நான்தான். ஒரே ஒரு பாய்லர்! அதுக்காக இது கடையே இல்ல, தொழிற்சாலைன்னு சொல்லி உரிமக் கட்டணத்தை மூணு மடங்கு ஏத்தினது யாரு?

— ஆபீசு ஏத்துச்சு. நான் ஏத்தல.

— கட்டலேன்னா கடையைப் பூட்டுவோம்னு நோட்டீசை ஒட்டினது யாருங்க ஆபீசரே? ஒட்டுற பசையைக்கூட என் அடுப்புலதானே காய்ச்சினீங்க! எதுக்குன்னு தெரியாம நான் வேற கிண்டி விட்டேன்.

— அதாவது... அது என் வேலைம்மா.

— வேலையாம் வேலை. சரி, ஒண்ணு சொல்லுங்க. நான் ஜெயிச்சுட்டேனா, இல்லையா?

— ஜெயிக்கல. தோக்கவும் இல்ல. முடிவு தெரியறவரைக்கும் எல்லாம் இருக்குற மாதிரியே இருக்கணும்.

— இருக்குற மாதிரியேன்னா? நீங்க வெளிய இருக்கீங்களே, அப்படியேவா?

— அதான் எனக்கும் குழப்பமா இருக்கு.

— துண்டு தரேன், தலையைத் துவட்டுங்க. கையை நீட்டுங்க.

— கை உள்ள வந்தா நுழைஞ்சதா ஆகுமா?

— எனக்கென்ன தெரியும்? விரலை மட்டும் நீட்டுங்க.

— நாளைக்குப் போடச் சட்டை?

— இஸ்திரி போட்டு மாட்டியிருக்கேன். வாடிக்கையாளர் மாதிரி வாசல்ல நின்னு வாங்கிக்குங்க. எல்லாம் என் வழக்கை எடுத்த அந்த வக்கீலம்மாவைச் சொல்லணும்! மனுவுல நகராட்சின்னு மட்டும் போட்டாப் போதும்னுதான் நான் சொன்னேன். ஊழியர்களையும் கண்டிப்பா சேர்க்கணும்னு யாரோ வந்து கெஞ்சிட்டுப் போனாராம். பேரைச் சொல்லக்கூடாதுன்னு சத்தியம் வேற வாங்கியிருக்காரு.

— ஓ.

— நம்ம ரெண்டு பேரையும் பிரிச்சு வச்சு வேடிக்கை பாக்கணும்னு யாருக்கோ ஆசை. கையில கிடைக்கட்டும், பாய்லர்ல போட்டு வேக வைக்கிறேன்... ஏங்க, முகம் ஏன் இப்படிப் போகுது?

— அதாவது, வர்ற திங்கக்கிழமை உன் கடைக்கு முத்திரை வைக்க ஆள் அனுப்புறதா இருந்தாங்க.

— யாரை?

— என்னை.

— ...வந்திருப்பீங்களா?

— வராட்டி வேலை போயிடும். வந்தா நீ போயிடுவே. அதனால என்னை அனுப்பவே முடியாதபடி வக்கீலம்மா காலைப் பிடிச்சு நான்தான் ஊழியர்களையும் சேர்க்கச் சொன்னேன். வீடு கடைக்குப் பின்னாடி இருக்குறது அப்ப ஞாபகத்துக்கே வரலம்மா.