கவனக்குறைவு என்ற ஒரு வார்த்தை

ஐயா, தங்கள் ஆபீஸிலிருந்து வந்த சார்ஜ் ஷீட்டில் ஒரு வார்த்தை தப்பாக விழுந்திருக்கிறது. அதைத் திருத்தத்தான் இந்தப் பதிலை எழுதுகிறேன். மற்றபடி தேதி, நேரம், இடம், ரயில் நம்பர், செத்துப்போன செல்லதுரையின் தகப்பனார் பெயர் எல்லாம் சரியாகவே இருக்கின்றன.

"ரயில் வரும்போது விசில் ஊதுவதில் கவனக்குறைவு" என்று போட்டிருக்கிறீர்கள். நான் பரீட்சை எழுதி, நேரடி நியமனத்தில் வந்தவன். தண்டவாளப் பராமரிப்பு கேங்கில் பதினோரு வருஷம் ஆகிறது. மற்றவர்கள் குனிந்து வேலை பார்க்கும்போது தள்ளி நின்று, ரயிலைப் பார்த்ததும் விசில் ஊதும் வேலையைப் பலமுறை செய்திருக்கிறேன். என் விசிலுக்கு யாரும் ஓடி விலகியதில்லை. நடந்துதான் விலகுவார்கள். அவ்வளவு முன்கூட்டியே ஊதுவேன்.

செல்லதுரைக்கும் எனக்கும் பக்கத்துப் பக்கத்து ஊர், திருப்பனந்தாள் பக்கம். அவன் அப்பா எங்கள் வயலுக்கு அறுப்புக்கு வந்தவர். அதை நான் ஒருநாளும் மனதில் வைத்ததில்லை. வேறு யாராவது வந்து தங்களிடம் சொல்வார்கள் என்பதால் நானே சொல்லிவிடுகிறேன்.

அவன் வயதில் என்னைவிடச் சின்னவன். ஆனால் வடக்கே வேறொரு டிவிஷனில் எனக்கு இரண்டு வருஷம் முன்பே வேலைக்குச் சேர்ந்து, பிறகு மாறுதலில் இங்கே வந்தான். சொந்த விருப்பத்தில் மாறி வருகிறவன் சீனியாரிட்டி லிஸ்டில் எல்லாருக்கும் கீழே நிற்க வேண்டும் என்பது தங்களுக்குத் தெரியாததல்ல. அவனும் அப்படித்தான் கடைசியில் நின்றான். ஆறு வருஷம் வாய் நிறைய "அண்ணே, அண்ணே" என்றான். அவன் மனைவி அம்சம் கட்டிக்கொடுத்த புளிச்சோற்றில் எனக்கும் ஒரு பங்கு வரும். நன்றாகத்தான் இருந்தோம்.

பிறகு கோர்ட்டுக்குப் போனான். நானாகக் கேட்டு வரவில்லை, அங்கே ஆள் அதிகம் என்று நிர்வாகம்தான் என்னை அனுப்பியது, ஆகவே என் பழைய சர்வீஸைக் கணக்கில் எடுக்க வேண்டும் என்றான். உத்தரவு அவன் பக்கம் வந்தது. நான்கு தடவை படித்துப் பார்த்தேன், ஓட்டை ஒன்றும் அகப்படவில்லை. நோட்டீஸ் போர்டில் புது லிஸ்ட் ஒட்டினார்கள். ஏழாவதாக இருந்த நான் எட்டாவது. ஏழில் செல்லதுரை. முதல் ஆறு பேரும் ஏற்கெனவே வேறு கேங்குகளில் மேட் ஆனவர்கள். கேங்கை நடத்தும் அந்த மேட் பதவி இன்னும் ஒன்றே ஒன்று காலியாக இருந்தது. அது ஏழாம் நம்பருக்குப் போனது.

வயிறு எரிந்தது. மறைக்கவில்லை.

மேட் ஆன முதல் நாளே என்னைக் கூப்பிட்டான். "துரைராசு, இனிமே விசில நீங்களே வச்சுக்குங்க."

அண்ணே போய்ப் பெயர் வந்துவிட்டதைக் கவனித்தேன். "ஏன், நான்தான் கெடச்சனா?" என்றேன்.

"உங்க கண்ணும் காதும் இங்க யாருக்கு இருக்கு? நீங்க நின்னா நான் தல நிமிராம வேல பாப்பேன்."

கூட இருந்த வீரையன், அது பெரிய பாராட்டு என்றார். இருக்கலாம். எனக்கென்னவோ கேங்கை நடத்த வேண்டியவனை ஓரமாகக் கொண்டுபோய் நிறுத்தியதாகத்தான் பட்டது.

அன்று தை மாதக் காலை. வாய்க்கால் பாலத்தின் மேல் செல்லதுரை மட்டும் குனிந்து போல்ட் முடுக்கிக்கொண்டிருந்தான். சின்னப் பாலம், ஒதுங்க இடம் கிடையாது. மற்றவர்கள் டீ குடிக்கப் போயிருந்தார்கள். பக்கத்து வயலில் சம்பா அறுப்பு. அறுப்பு மெஷின் பாலத்தை ஒட்டி வந்து திரும்பியது. அந்த இரைச்சலில் ரயிலின் ஹாரன் அவனுக்குக் கேட்காது. என் விசில் கேட்கும். நான் நாற்பது அடியில்தான் நின்றேன்.

யூனியன் செயலாளர் அப்துல் ஹமீது நல்ல மனிதர். "மெஷின் சத்தத்துல ரயில் வந்தது தெரியாமப் போச்சுன்னு எழுதிக் குடுங்க. கவனக்குறைவுன்னு சின்ன தண்டனையோட முடிஞ்சிடும்" என்றார். வீரையனும் அதற்கேற்றாற்போல் சாட்சி சொல்லியிருக்கிறார். இருவருக்கும் என் நன்றி. ஆனால் ரயில் வருவதைக்கூடப் பார்க்காமல் நின்றவன் என்று என் சர்வீஸ் புத்தகத்தில் ஏறுவதற்கு நான் எப்படிச் சம்மதிப்பேன்?

பார்த்தேன். வளைவில் எஞ்சின் முகப்பு தெரிந்ததுமே பார்த்தேன். விசிலை வாயில் வைத்தேன். அப்போது ஊதியிருந்தால் அவன் சாமான்களைப் பொறுக்கிக்கொண்டு, நடந்தே பாலத்தைத் தாண்டியிருப்பான். பாதி தூரம் வந்த பிறகும் நேரம் இருந்தது. ஓட வேண்டியிருக்கும், அவ்வளவுதான். டிரைவர் ஹாரனை விடாமல் அடித்தார். செல்லதுரை சொன்ன சொல் தவறவில்லை, கடைசிவரை தலை நிமிரவே இல்லை.

நான் ஊதவில்லை.

அம்சத்துக்குக் கருணை அடிப்படையில் வேலை வரும் என்று கேள்விப்பட்டேன். லிஸ்டில் கடைசியாகத்தான் சேர்ப்பார்கள். எங்கள் கேங்குக்கே அனுப்பினால் நல்லது. நான் பார்த்துக்கொள்வேன்.

ஆகவே ஐயா, அந்த வார்த்தையை மட்டும் அடித்துவிடுங்கள். ரயில் தெரிந்ததிலிருந்து கடைசிப் பெட்டி பாலத்தைத் தாண்டும் வரை அவன்மேல் வைத்த கண்ணை நான் எடுக்கவில்லை. என் கவனத்தில் ஒரு குறையும் இல்லை.

இப்படிக்கு,
துரைராசு
நேரடி நியமனம்
சீனியாரிட்டி வரிசை எண்: 7