முகத்தை மறைத்த படம்

சிதம்பரத்திலிருந்து பரங்கிப்பேட்டை போகும் பஸ்ஸில், யாரும் கேட்காத கட்டுரை ஒன்றைத் திருத்திக்கொண்டிருந்தேன். எனக்கு முன்சீட்டில் ஆவணப்படம் எடுக்கும் பெண், மடியில் லேப்டாப். அவர் பக்கத்தில் இருந்தவள் அவரிடம் சொன்னதைக் கேட்டதும் பேனாவை மூடிவிட்டேன்.

“எங்க வூட்டுக்காரரு மூஞ்சி தெரிஞ்சாக்கூட பரவால்லக்கா. குரல மறைங்க.”

“முகத்த மறைச்சாச்சும்மா. சவூதியில பாஸ்போர்ட்ட புடுங்கிக்கிட்டத சொல்றது யாருன்னே தெரியாது.”

“வருஷக்கணக்கா ஊருக்கு அவரு வெறும் போனுதான்க்கா. தெருவே எங்க போன்லதான் அவருகிட்ட பேசும். மூஞ்சி யாருக்கு ஞாபகம்? அனுப்பிவெச்ச ஏஜெண்டு எங்க தெருதான். அவனுக்குத் தெரிஞ்சா அந்த மொதலாளிக்குப் போயிடும். அப்புறம் இவரு ஊரு வந்தாப்லதான்!”

“பயப்படாதீங்க, நீங்களே பாருங்க.”

லேப்டாப்பில் முகம் மங்கலாகத்தான் இருந்தது. “எங்கள மனுசனாவே மதிக்கறதில்லங்க” என்றது ஒரு குரல்.

அவர்களுக்கு முன்னால் உட்கார்ந்திருந்த பெரியவர் சட்டென்று எழுந்து, பஸ் முழுக்கக் கண்ணால் தேடினார்.

“நம்ம யூசுப் குரலாச்சே! எப்பம்மா வந்தான்? எங்க ஒக்காந்திருக்கான்?”